மெத்தையத்தவர்கள் வீட்டு மெத்தைகள்

எங்கள் பள்ளத்தாக்கில் 'மெத்தையத்த' என்கிற சொல்லை மூன்று இடங்களில் சொல்வோம். சேணத்தின்மேல் மெத்தை போடாமல் குதிரை ஏறினால் அது மெத்தையத்த சேணம். அதில் அரை நாள் போனவன் மறுநாள் நின்றுகொண்டே சாப்பிடுவான். வைக்கோல் பரப்பாத வண்டி மெத்தையத்த வண்டி. பூசி மெழுகாமல் முகத்துக்கு நேராகப் பேசுகிறவனை, "என்னப்பா, மெத்தையத்த பேச்சாப் பேசுற?" என்று கேட்பார்கள். நான்காவதாக ஓர் இடம் உண்டு. அது எங்கள் குடும்பம்.

ஊரில் ஷர்ஷென் என்ற பெயரில் மூன்று பேர் இருக்கிறார்கள். ஒருவர் மாவு மில் ஷர்ஷென். ஒருவர் ஒற்றைக் காது ஷர்ஷென். மூன்றாமவர் என் கணவருடைய அண்ணன், எனக்குப் பெரிய மச்சான். அவர் பெயரை நான் வாயால் சொல்லக் கூடாது, எங்கள் வழக்கம் அப்படி, எழுதினால் குற்றமில்லை. அவர் மெத்தையத்த ஷர்ஷென். தபால்காரர் முதல் மாட்டு வைத்தியர் வரை அவரை அப்படித்தான் கேட்டு வருவார்கள்.

பெயர் வந்த கதை எங்கள் மாமனார் காலத்தது. கூட்டுப்பண்ணையில் அவர் ஆடு மேய்த்தார். ஓர் ஏப்ரல் மாதம், குட்டிகள் பிறக்கிற சமயத்தில், பனிப்புயல் அடித்தது. மனிதர் குடிசையில் இருந்த அத்தனை மெத்தைகளையும் கொண்டுபோய்ப் பட்டியில் பரப்பி, ஈரக் குட்டிகளை அதன்மேல் விட்டுவிட்டார். அன்று இரவு பண்ணை அதிகாரி ஒருவர் வழி தவறி நனைந்துபோய் வந்து, விடியும்வரை வெறும் பலகையில் உட்கார்ந்திருந்தார். கீழே இறங்கியதும் பார்த்தவர்களிடமெல்லாம் இடுப்பைப் பிடித்துக்கொண்டு, "அவங்க மெத்தையத்தவங்கப்பா" என்று சொன்னார். அறுபது குட்டிகளில் ஐம்பத்தெட்டு பிழைத்தன. அது யாருக்கும் நினைவில்லை. பெயர்தான் நின்றது.

என் மூத்த ஓரகத்தி கல்புபு இந்த வீட்டுக்கு மருமகளாக வந்தபோது அவளிடம் இதை யாரும் சொல்லவில்லை. வந்த மூன்றாம் மாதம் கடையில் உப்பு வாங்கப் போனவளைப் பார்த்து, "ஓ, மெத்தையத்தவங்க வீட்டு மருமகளா நீ?" என்று கேட்டிருக்கிறார்கள். உப்பை வாங்கிக்கொண்டு திரும்பியவள், அந்த வருடக் கம்பளி வெட்டில் ஒரு பொதியைத் தனியாக எடுத்து வைத்துவிட்டாள்.

அன்றிலிருந்து முப்பத்தோரு வருடம். ஜூன் மாதம் ஓடையில் கம்பளி அலசுவோம், காயவைப்போம், வில்லோ மரக் குச்சியால் கை மரத்துப்போகும்வரை அடிப்போம், துணிக்குள் பரப்பித் தைப்போம். நான் ஒன்பது வருடம் கழித்து வந்து சேர்ந்துகொண்டேன். எனக்குக் கை வலித்தால் போதுமென்று எழுந்துவிடுவேன், அவள் எழுந்ததில்லை. தன் வீட்டு மெத்தை என்று தெரிவதற்காக ஒவ்வொன்றின் மூலையிலும் மஞ்சள் நூலால் ஒரு தையல் போடுவாள். போன கோடை முடிவில் நாற்பத்திரண்டு. பெட்டியின்மேல் மடித்து அடுக்கினால் உத்தரத்தைத் தொடும். கல்யாணமோ, சாவோ, சுன்னத்தோ, ஊரில் யார் வீட்டில் கூட்டம் சேர்ந்தாலும் ஆள் எங்கள் வாசலுக்குத்தான் வரும். கொடுக்க மாட்டேன் என்று அவள் சொல்லி நான் கேட்டதில்லை.

இப்போது நடந்ததற்கு வருகிறேன்.

அவளுடைய ஒரே மகன் பயாமன் தலைநகரில் மின்சார வேலை செய்கிறான். தொக்மோக் நகரத்துப் பெண் நஸ்பிகேயை அவனுக்குப் பேசி, ஆகஸ்டில் கல்புபு போய், பேச்சு உறுதி என்பதற்கு அடையாளமாகப் பெண் காதில் கம்மல் போட்டுவிட்டு வந்தாள். இனி பெண்ணைப் பெற்றவர்கள் நம் வீட்டுக்கு வந்து உட்கார்ந்து, சாப்பிட்டு, நாள் குறிக்க வேண்டும். அக்டோபர் கடைசி ஞாயிற்றுக்கிழமை என்று முடிவானது. பெண்ணின் தாய் ராய்கானைப் பற்றித் தரகுக்காரி முன்கூட்டியே எச்சரித்திருந்தாள்: முன்பு ஒரு சம்பந்தத்தை, மாப்பிள்ளை வீட்டில் தன்னை நிற்கவைத்தே தேநீர் கொடுத்தார்கள் என்பதற்காக அந்த அம்மாள் முறித்துவிட்டாளாம்.

வியாழக்கிழமை காலை நான்கு வீடு தள்ளி அப்திகாதிர் பெரியவர் இறந்துபோனார். எண்பத்தாறு வயது. ஏழு பிள்ளைகள், எண்ண முடியாத பேரப்பிள்ளைகள். கல்புபு விரலை மடக்கிக் கணக்குப் போட்டாள். சனிக்கிழமை மதியம் அடக்கம். சாயங்காலம் மெத்தைகள் திரும்பும். ஞாயிற்றுக்கிழமை சம்பந்திகள். ஓர் இரவு மிச்சம் இருக்கிறது. முப்பத்தொன்பது மெத்தைகளையும், தரையில் கிடந்த கம்பளி விரிப்புகளையும், ஆட்டுத் தோல்களையும் வண்டியில் ஏற்றினோம். என் வீட்டு ஒன்பதும் போயின. வெள்ளி இரவு தெற்கிலிருந்து ஒரு பேருந்து நிறைய உறவினர் வந்து இறங்க, படுக்கையில் கிடந்த கடைசி மூன்றும் போயின. அவளும் பெரிய மச்சானும் கம்பிக் கட்டிலில் தோல் கோட்டைப் போர்த்திக்கொண்டு படுத்தார்கள்.

கணக்கு சரிதான். பனிதான் கணக்கில் வரவில்லை. சனி இரவு கணவாயில் பனி விழும், பாதை அடைபடும் என்று வானிலை அறிக்கை சொல்லியிருக்கிறது. சம்பந்திகள் ஒரு நாள் முன்னதாகவே கிளம்பி, வழியில் கொச்கோர் என்ற ஊரில் தங்கி, பயாமனுக்குச் சொல்லியிருக்கிறார்கள்; அவன் அப்பாவின் செல்போனுக்குச் செய்தி அனுப்பினான். செல்போன் கோட்டுப் பையில் இருந்தது. கோட்டைப் பெரிய மச்சான் குழி தோண்டப் போனவனிடம் கொடுத்திருந்தார்.

சனிக்கிழமை காலை பத்து மணிக்கு நான் கல்புபுவின் அடுக்களையில் சாவு வீட்டுக்காக, எண்ணெயில் பொரிக்கிற போர்சோக் மாவை வெட்டிக்கொண்டிருந்தேன். அவள் எண்ணெய்ச் சட்டியின் பக்கத்தில் நின்று ஜன்னலைப் பார்த்தாள்.

"ஜிதே, அந்த வெள்ளைக் கார் யாரோடது?"

"சாவுக்கு வந்தவங்களா இருக்கும்க்கா."

"சாவுக்கு வர்றவ பூப்போட்ட சால்வை போட்டுட்டு வருவாளா?"

நான் எட்டிப் பார்த்தேன். அவள் அதற்குள் அடையாளம் கண்டுவிட்டாள். கரண்டி கையிலிருந்து நழுவிச் சட்டிக்குள் விழுந்தது.

"அய்யோ, சம்பந்தியம்மா. நாளைக்குல்ல வரணும்! இன்னிக்கு என்ன கிழமை?"

"சனிதான்க்கா."

அவள் பெரிய அறையின் கதவைத் திறந்தாள். நானும் பார்த்தேன். செம்மண் நிறம் பூசிய பலகைத் தரை, ஒரு பெட்டி, அதன்மேல் ஒன்றுமில்லை. பேசினால் எதிரொலித்தது. முப்பத்தோரு வருடத்தில் இப்படி அந்த அறை ஒரு நாளும் இருந்ததில்லை. சரியாக இந்த நாளில்தான்.

"நான் ஓடிப்போய் நாலே நாலு எடுத்துட்டு வந்துடறேன்க்கா."

"யாரு அடியிலேருந்து உருவுவ? அழுதுட்டு இருக்கவளப் பாத்து, கொஞ்சம் எழுந்திரு தாயீம்பியா?"

"யார் வீட்டுலயாவது..."

"எல்லார் வீட்டு மெத்தையும் அங்கதான்டி இருக்கு."

"அப்ப விஷயத்தைச் சொல்லிடலாம். சாவு வீட்டுக்குக் குடுத்திருக்கோம்னு..."

அவள் என்னைப் பார்த்த பார்வையில் நான் வாயை மூடிக்கொண்டேன். "குடுத்ததைச் சொல்லிக்காட்டறதா? மனுஷன் இன்னும் மண்ணுக்குப் போகல, அவர் காதுல விழும். சொல்லக் கூடாது. சாவையே சொல்லாத. சாவுன்னா மெத்தை எங்கன்னு பேச்சு வரும். மதியம் வரைக்கும் வெளியில வச்சு ஓட்டுவோம். அடக்கம் முடிஞ்சதும் பின்பக்கமா நீ நாலைக் கொண்டாந்துடு."

இது எவ்வளவு பெரிய தவறு என்று அப்போது எங்கள் இருவருக்குமே தெரியவில்லை. தெரிந்திருக்க வேண்டும். எங்கள் பக்கத்தில் ஒரு ஊருக்குள் காலை வைக்கிறவர், அங்கே சாவு இருந்தால், முதலில் அங்கே போய் அழுதுவிட்டுத்தான் வேறு வாசல் ஏறுவார். வருகிறவரிடம் அதைச் சொல்லாமல் இருப்பது வந்தவரையும் இறந்தவரையும் ஒருசேர அவமதிப்பது. குழந்தைக்குக்கூடத் தெரியும். ஆனால் வெறும் தரையைப் பார்த்துவிட்ட கல்புபுவுக்கு அந்த நேரத்தில் வேறெதுவும் கண்ணில் படவில்லை.

தேநீருக்கு வெந்நீர் வைக்கிற பெரிய சமோவாரை எடுத்துப் போக அந்த நேரம் பார்த்துப் பெரிய மச்சான் பின்வாசல் வழியாக வந்தார்.

"ஏங்க, சம்பந்தி வந்துட்டாங்க. நீங்க வாயையே திறக்காதீங்க."

"ஏன்? இருக்கிறதைச் சொன்னா போச்சு."

"அதுக்குத்தான் சொல்றேன், திறக்காதீங்க."

அவர் சமோவாரைக் கட்டிப் பிடித்துக்கொண்டே முற்றத்துக்கு வந்து, சம்பந்தி ஒஸ்மோனாலிக்குத் தலையை மட்டும் ஆட்டினார். ஒஸ்மோனாலி பெரிய சரீரம். முந்தின நாளிலிருந்தே காரில் உட்கார்ந்து வந்த இடுப்பை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தார். ராய்கான் ஒல்லியானவள், நிமிர்ந்த நடை. கட்டிப் பிடித்து, கன்னத்தோடு கன்னம் வைத்து, ஆடுமாடெல்லாம் சுகமா, கால்கைகள் சுகமா என்று கேட்டு முடித்ததும் அவள் கண் வாசல் பக்கம் போனது. கல்புபு அவள் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள்.

"உள்ள போனா அப்புறம் எங்க வெளியில வரப் போறோம், சம்பந்தியம்மா? வெயில் இருக்கறப்பவே எங்க மாட்டைப் பாருங்க."

மாட்டைப் பார்த்தார்கள். உருளைக்கிழங்குக் குழியைப் பார்த்தார்கள். வைக்கோல் போர் எத்தனை வண்டி என்று கல்புபு சொன்னாள். இலை உதிர்ந்த ஆப்பிள் மரங்கள் ஏழின் கீழும் நின்று, எது புளிப்பு, எது இனிப்பு என்று சொன்னாள். பிறகு கோழிகள். பிறகு மறுபடி மாடு. நான் அடுக்களை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். ராய்கான் மெல்லிய பூட்ஸ் போட்டிருந்தாள். இந்தக் காலை எடுத்து அந்தக் காலின்மேல் வைத்து மாற்றி மாற்றி நின்றாள்.

"நல்ல மாடு சம்பந்தியம்மா," என்றாள் கடைசியில். "ரெண்டு தடவை பாத்துட்டோம். அதுவும் எங்களை ரெண்டு தடவை பாத்துடுச்சு."

அப்போது காற்று திரும்பியது. மேட்டுப் பக்கத்திலிருந்து பெண்களின் ஒப்பாரி, இழுத்து, அடுக்கடுக்காக, முற்றம் முழுக்க வந்து விழுந்தது.

ராய்கான் தலையைத் திருப்பினாள். "என்னது அது?"

"காத்து," என்றாள் கல்புபு. "எங்க ஊர்ல காத்து இப்படித்தான்..."

"காத்து 'எங்கப்பா'ன்னு கூப்பிடுமா?"

பெரிய மச்சான் சமோவாரைக் கீழே வைத்தார். "அப்திகாதிர் பெரியவர்," என்றார். "நாலு வீடு தள்ளி. இன்னிக்கு மதியம் அடக்கம்." மெத்தையத்த பேச்சு. அவருக்கு வேறு பேச்சு வராது.

ராய்கான் பூப்போட்ட சால்வையை எடுத்து மடித்து என் கையில் கொடுத்தாள். "கறுப்பா ஏதாவது இருந்தா குடும்மா." நான் என் தலையில் இருந்ததையே அவிழ்த்துக் கொடுத்தேன். அதைக் கட்டிக்கொண்டே கல்புபுவைப் பார்க்காமல் சொன்னாள்: "ஒரு மனுஷன் கிடக்கறப்ப என்னைக் கோழி பாக்க வச்சுட்டீங்க. இதை நான் எங்க ஊர்ல போய் எப்படிச் சொல்வேன்?"

ஒஸ்மோனாலி ஏதோ சொல்ல வாயெடுத்தார். அவள் நடக்கத் தொடங்கிவிட்டாள். கல்புபு அவளுக்குப் பின்னால், இரண்டு அடி இடைவெளி விட்டு, தேநீர்க் கெட்டிலை எதற்கென்று தெரியாமல் கையில் தூக்கிக்கொண்டு போனாள். முடிந்தது என்று நினைத்தேன். நின்றுகொண்டு தேநீர் குடித்ததற்கே சம்பந்தத்தை முறித்தவள்.

பெரியவர் வீட்டு முற்றத்தில் அவருக்காகக் கம்பளிக் கூடாரம் போட்டிருந்தது. வெளியே கைத்தடியில் சாய்ந்து மகன்கள் வரிசையாக நின்றார்கள். ஒஸ்மோனாலி வழக்கப்படி தெருமுனையிலிருந்தே வாய்விட்டு அழுதுகொண்டு போய் ஒவ்வொருவராகக் கட்டிக்கொண்டார். முன்பின் தெரியாத மனிதர் இடுப்பு வலியோடு அப்படி அழுததைப் பார்த்து, ஓய்ந்திருந்த மகன்கள் மறுபடி அழுதார்கள். ராய்கான் கூடாரத்துக்குள் போய், பெரியவரின் மூத்த மகள் ஸெய்னெப்பின் முன்னால் மண்டியிட்டு அவளை இழுத்து அணைத்துக்கொண்டாள். அவளும் வசந்தத்தில் தன் தகப்பனைப் புதைத்திருந்தாள் என்று பிறகுதான் தெரிந்தது. இரண்டு பேரும் பழகிய அக்கா தங்கை மாதிரி அழுதார்கள்.

அழுகை அடங்கியதும் ஊப்போல் எழுந்தாள். இந்தப் பெண் எங்கள் ஊரில் எந்த விசேஷத்திலும் மெத்தை, தட்டு, கிண்ணம் எல்லாவற்றுக்கும் பொறுப்பு. எது யாருடையது என்பது அவளுக்கு மனப்பாடம். குரல் மட்டும் மலைக்கு மலை கேட்கும்.

"தூரத்துலேருந்து வந்தவங்களை வெறும் ஓரத்துல உக்கார வச்சிருக்கீங்களே, கண்ணு இல்லையா? ஏய் பொண்ணு, மெத்தையத்தவங்க வீட்டுச் சிவப்பை எடு. அது வேணாம், அவங்க வீட்டுப் பச்சையை எடு. அதுதான் தடிமன். ரெண்டாப் போடு."

நான் கண்ணை மூடிக்கொண்டேன். கல்புபு வாசலில், கெட்டிலோடு.

ராய்கான் நிமிர்ந்து பார்த்தாள். "யார் வீட்டு மெத்தை?"

"மெத்தையத்தவங்க வீட்டுது."

"மெத்தையத்தவங்களா?"

"ஆமா, மெத்தையத்தவங்க." ஊப்போலுக்கு இதில் கேட்க என்ன இருக்கிறது என்று புரியவில்லை.

"அவங்க வீட்டுல மெத்தை இருக்கா?"

"நாப்பத்திரண்டு! நீங்க உக்காரப் போறது, அதோ ஸெய்னெப் உக்காந்திருக்கறது, கூடாரத்தைச் சுத்தி நீங்க பாக்கறதுல பாதிக்கு மேல எல்லாம் மெத்தையத்தவங்களோடதுதான். மூலையில மஞ்சள் நூல் பாருங்க. இந்த ஊர்ல மெத்தை வேணும்னா மெத்தையத்தவங்க வீட்டுக்குத்தான் போகணும். ஒண்ணுகூட வச்சுக்காம அனுப்பிடுவாங்க. நேத்து ராத்திரி புருஷனும் பொண்டாட்டியும் கம்பிக் கட்டில்ல படுத்திருக்காங்க, காலையில அந்த மனுஷன் முதுகுல கட்டம் கட்டமா இருந்துச்சுன்னு என் வீட்டுக்காரர் சொன்னார். இந்தா நிக்கறாளே, இவதான். கல்புபு, அந்தக் கெட்டிலை இப்படிக் குடு, ஏன் பொம்மை மாதிரி நிக்கற?"

ராய்கான் கல்புபுவைப் பார்த்தாள். பிறகு தனக்குப் போட்ட பச்சை மெத்தையின் மூலையைத் திருப்பி, மஞ்சள் தையலின்மேல் விரலால் தடவினாள். எதையோ பொருத்திப் பார்க்கிறாள் என்று தெரிந்தது: மாடு, உருளைக்கிழங்குக் குழி, ஏழு ஆப்பிள் மரம், மறுபடி மாடு.

பிறகு என் கறுப்புத் துணியின் நுனியை எடுத்து வாயில் திணித்துக்கொண்டாள். தலை குனிந்தது. தோள் குலுங்கியது. பக்கத்தில் இருந்த ஸெய்னெப், "அய்யோ, இந்தப் புண்ணியவதியைப் பாருங்க, எங்கப்பாவைப் பாத்ததுகூட இல்ல" என்று மறுபடி வாய்விட்டு அழ ஆரம்பித்தாள். ராய்கான் தலையை நிமிர்த்தவே முடியாமல் அவள் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். அது அழுகை இல்லை என்பது அந்தக் கூடாரத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும் என்று நினைத்தேன். கல்புபுவுக்கும் தெரிந்திருக்கிறது. ஆனால் அது எந்த மாதிரிச் சிரிப்பு என்று தெரியாமல், முகம் வெளுத்து, வெளியே போய்விட்டாள்.

அடக்கம் முடிந்து, சாப்பாடு முடிந்து வீடு திரும்ப மூன்று மணி ஆனது. மேற்கில் மலை மறைந்து முதல் பனி விழத் தொடங்கியிருந்தது. மெத்தைகள் இன்னும் வரவில்லை; தொலைவிலிருந்து வந்தவர்கள் சாப்பிட்டு எழுந்திருக்க வேண்டுமே. கல்புபு வீட்டு வாசலில் இரண்டு கையையும் நிலையில் வைத்துக்கொண்டு நின்றாள்.

"சம்பந்தியம்மா, உள்ள..."

"தெரியும்," என்றாள் ராய்கான். குனிந்து அவள் கைக்குக் கீழே நுழைந்து உள்ளே போனாள்.

நேராகப் பெரிய அறைக்கு. வாசலுக்கு எதிரே, விருந்தாளிக்கு உரிய தலைமாட்டு இடத்தில், வெறும் பலகையின்மேல் பூட்ஸைக் கழற்றிய காலை மடக்கிச் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டாள். கல்புபு ஓடிப்போய் அவள் கையைப் பிடித்து இழுத்தாள்.

"எழுந்திருங்க, எழுந்திருங்க, வெறும் பலகை, என் மானம் போகுது."

"மாட்டை ரெண்டு தடவை காட்டினீங்க, தரையை ஒரு தடவை காட்டினா என்ன? உக்காருங்க."

"நான் எப்படி..."

"உக்காருங்கன்னா." கையைப் பிடித்து இழுத்ததில் கல்புபு தொப்பென்று பக்கத்தில் விழுந்தாள். "இதோ பாருங்க சம்பந்தியம்மா. மெத்தை இல்லாததுக்கு எனக்குக் கோவம் இல்ல. சாவை மறைச்சீங்க பாருங்க, அதுக்குக் கோவம் இருக்கு. இப்பவும் இருக்கு. பேரன் பொறக்கற வரைக்கும் இருக்கும். அப்பப்ப எடுத்துச் சொல்லிக்காட்டுவேன்."

"சொல்லுங்க," என்றாள் கல்புபு. "தினமும் சொல்லுங்க." பேரன் என்ற வார்த்தை அவளுக்கு அப்புறம்தான் உறைத்தது. உறைத்ததும், இருபத்திரண்டு வருடமாக நான் பார்க்காத ஒன்றைப் பார்த்தேன். என் ஓரகத்தி முகத்தை மூடிக்கொண்டு குழந்தை மாதிரி ஏங்கி ஏங்கி அழுதாள். கரண்டி விழுந்ததிலிருந்து அடக்கி வைத்த அழுகை அது.

"அழாதீங்க," என்றாள் ராய்கான். "நான் அங்க சிரிப்பை அடக்கி விலா வலிக்குது. நீங்களும் ஆரம்பிச்சா நான் என்ன பண்ணுவேன்? மெத்தையத்தவங்க! நாப்பத்திரண்டு!" மறுபடி தோள் குலுங்க ஆரம்பித்தது. இந்த முறை துணியை வாயில் வைக்கவில்லை.

வாசலில் ஒஸ்மோனாலி தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். அந்த உடம்பை அந்தப் பலகைவரை எப்படி இறக்குவது என்ற யோசனை. பெரிய மச்சான் லாயத்துக்குப் போய், சேணத்தின் மெத்தையை அவிழ்த்துக் கொண்டுவந்து தரையில் போட்டார்.

"குதிரை வாசனை வரும்," என்றார். "காலையிலதான் அது மேல உக்காந்திருந்தேன்."

"சம்பந்தி, எனக்கு இப்ப குதிரையே வந்தாலும் அது மேல உக்காருவேன்."

நான் தேநீர் கொண்டுவந்து கிண்ணங்களைப் பலகைமேல் வைத்தேன். டக்கென்று சத்தம் கேட்டது. விரிப்பின்மேல் வைத்துப் பழகியவர்களுக்கு அது புதுச் சத்தம். அப்படியே அங்கேயே நாள் குறித்தார்கள். மே மாதம் இரண்டாவது சனிக்கிழமை.

"சரி," என்றாள் ராய்கான். "எங்க பொண்ணு எத்தனை மெத்தை கொண்டாரணும்? வெக்கப்படாமச் சொல்லுங்க."

"ஒண்ணும் வேண்டாம்," என்றாள் கல்புபு. "பொண்ணு வந்தா போதும்."

"நாலு," என்றார் பெரிய மச்சான். எல்லோரும் திரும்பிப் பார்த்தோம். "எங்களுக்கு. யாருக்கும் குடுக்காத நாலு. என் முதுகு தாங்காது."

"குடுக்காம எப்படிங்க இருக்க முடியும்? யாராவது வந்து கேட்டா?"

"பாருங்க," என்றார் அவர் ஒஸ்மோனாலியிடம். "அந்த நாலும் போயிடும். ஆறு போடச் சொல்லுங்க."

விளக்கு ஏற்றுகிற நேரத்துக்கு வண்டி வந்தது. மெத்தைகளின்மேல் விரல் கனத்துக்குப் பனி. கல்புபு ஒவ்வொன்றாக உதறி உள்ளே கொடுக்க, நான் எண்ணி அடுக்கினேன். நாற்பத்தொன்று. சிவப்பு இல்லை. ஸெய்னெப் நாற்பதாம் நாள் வரைக்கும் வைத்துக்கொள்கிறேன் என்று சொல்லி அனுப்பியிருந்தாள். பெரியவர் கடைசிக் காலத்தில் கிடந்தது அதன்மேல்தானாம், ஆகஸ்டிலேயே கேட்டு வாங்கிப் போயிருந்தார்கள். எனக்கே மறந்துபோயிருந்தது. அப்படியானால் வியாழக்கிழமை நாங்கள் முப்பத்தெட்டுதான் ஏற்றியிருக்கிறோம். கல்புபுவின் கணக்கை நான் மனதுக்குள் திருத்திக்கொண்டேன், அவளிடம் சொல்லவில்லை.

அவள் பச்சையை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு தலைமாட்டுக்குப் போனாள். "இப்ப எழுந்திருங்க சம்பந்தியம்மா, ஒரே நிமிஷம், போட்டுடறேன்."

"விடுங்க. இப்பத்தான் இந்தப் பலகை சூடாச்சு."

கல்புபு மெத்தையோடு அவள் எதிரில் நின்றாள். இரண்டு பேரும் அசையவில்லை. கடைசியில் ஒஸ்மோனாலி கையை நீட்டி, "அப்ப எனக்குக் குடுங்க" என்று வாங்கி, சேணத்து மெத்தையை எடுத்துக் குதிரைக்கே அனுப்பிவிட்டார்.

கணவாய் நான்கு நாள் மூடியிருந்தது. நான்கு நாளும் தங்கினார்கள்.

ஜனவரியில் தொக்மோக்கிலிருந்து ஒரு பார்சல் வந்தது. மெத்தைக்கான பூத்துணி, ஆறு விதம், எது பிடிக்கிறது என்று பார்த்து எழுதச் சொல்லி. தபால்காரர் எந்த ஷர்ஷென் வீடு என்று யாரிடமும் கேட்கவில்லை. ராய்கான் விலாசத்தில் பெரிய எழுத்தில் தெளிவாக எழுதியிருந்தாள்: 'மெத்தையத்தவர்கள் வீடு, கல்புபு அவர்களுக்கு.'

கல்புபு அதை ஜன்னல் பக்கம் கொண்டுபோய் வைத்துப் பார்த்தாள். "பாத்தியா இவ எழுதியிருக்கறதை?" என்றாள். கோவமா என்று அவள் முகத்தைப் பார்த்தேன். கோவமில்லை. துணிகளைத் தடவிப் பார்த்து, நீலத்தைத் தேர்ந்தெடுத்து, பதிலாக ஒரு மூட்டை அடித்த கம்பளியைக் கட்டி வைத்துவிட்டு என்னைக் கூப்பிட்டாள். எங்கள் வீட்டில் கடிதம், விலாசம் எழுதுவதெல்லாம் என் பொறுப்பு.

பெறுநரை எழுதி முடித்துவிட்டுக் கேட்டேன்: "அனுப்பறவர் பேரு எப்படி எழுதட்டும்க்கா? பெரிய மச்சான் முழுப் பேரைப் போட்டுடவா?"

அவள் நூலைப் பல்லால் கடித்து அறுத்துவிட்டு மூட்டையை என் பக்கம் தள்ளினாள்.

"முழுப் பேரைப் போட்டா யாருக்குத் தெரியும்? ஊர்ல சொல்றபடியே எழுது."